பெயரளவும் மெய்யளவும்

அளவு என்பது ஐயத்தை நீக்குதற்கென்று மாந்தன் அமைத்துக்கொண்ட கருவி. படியாயினும் மரக்காலாயினும், முழமாயினும் சாணாயினும், கொடுப்பவனும் கொள்பவனும் அதனால் ஒரே பொருளை எண்ணுதல் வேண்டும். கொடுப்பவன் ஒன்றையும் கொள்பவன் மற்றொன்றையும் எண்ணுமாறு ஓர் அளவுப்பெயர் வழங்குமாயின், அஃது அளவன்று; வெறும் பெயரே. அத்தகைய பெயர் ஒன்று இன்று வீட்டுச் சுவர்தோறும் புதைந்து கிடக்கின்றது. 'அரை இஞ்சுக் குழாய்' என்பதே அது.

ஒரு வீட்டில் இரும்புக்குழாய் துருப்பிடித்து ஒழுகுகின்றது. வீட்டுக்காரர் அறுத்தெடுத்த துண்டின்மேல் அடிக்கோலை வைத்துப் பார்க்கின்றார். வெளிக்குறுக்களவு 21 மில்லிமீட்டருக்குச் சற்று மிகுதி. உட்புழை 16 மில்லிமீட்டர். அவ்வளவை எழுதிக்கொண்டு கடைக்குச் செல்கின்றார். கடைக்காரர் துண்டைப் பார்த்த அளவிலேயே, "இது அரை இஞ்சு" என்கின்றார். வீட்டுக்காரர் திகைக்கின்றார். ஓர் இஞ்சு 25.4 மில்லிமீட்டர், அதிற் பாதி 12.7. துண்டின் வெளியளவும் அதுவன்று, உள்ளளவும் அதுவன்று. அங்ஙனமாயின் அந்த அரை இஞ்சு குழாயின் எவ்விடத்தில் இருக்கின்றது? கடைக்காரர்க்கும் அது தெரியாது. ஆயினும் அவர் எடுத்துக்கொடுத்த குழாய் பழைய இணைப்பில் பிசகின்றிப் பொருந்துகின்றது. கடைக்காரர் பொய் சொல்லவில்லை. அடிக்கோலும் பொய் சொல்லவில்லை. இரண்டுக்கும் இடையே ஒரு நூற்றைம்பதாண்டு வரலாறு விளக்கப்படாமல் நிற்கின்றது.

இஞ்சு என்றும் அங்குலம் என்றும் வழங்கும் இவ்வளவை விரலம் என்று சொல்லுதல் தமிழுக்குத் தகும். இனி அங்ஙனமே அது குறிக்கப்பெறும்.

அளவு பெயரான கதை

இங்கிலாந்தில் 1792ஆம் ஆண்டு வில்லியம் மர்டாக்கு என்பார் நிலக்கரியினின்று எடுத்த வளியைக் கொண்டு தம் வீட்டில் விளக்கேற்றினார். அடுத்து வந்த ஆண்டுகளில் தெருக்களுக்கும் ஆலைகளுக்கும் வளிவிளக்கு வேண்டியதாயிற்று. வளியைக் கொண்டுசெல்ல இரும்புக் குழல்கள் வேண்டியிருந்தன. நெப்போலியப் போர்கள் முடிந்தபின் எஞ்சிக் கிடந்த துமுக்கிக் (துப்பாக்கிக்) குழல்களை ஒன்றோடொன்று திருகி இணைத்து அதற்குப் பயன்படுத்தினர் என்று சொல்லப்படுகின்றது. 1825இல் கார்னீலியசு ஒயிட்டவுசு என்பார், பழுக்கக் காய்ச்சிய இரும்புப் பட்டையை ஒரு வளையத்தின் வழியே இழுத்து, அதன் இரு விளிம்புகளையும் ஒட்டவைத்துக் குழாயாக்கும் முறைக்கு உரிமை பெற்றார். அன்றிலிருந்து இரும்புக்குழாய் மலிவாயிற்று.

அக்காலத்தில் அரை விரலக் குழாய் என்றால், அதன் உட்புழை அரை விரலம் என்றே கொள்ளப்பட்டது. குழாயை வாங்குபவனுக்கு வேண்டியது அதனுள் ஓடும் நீரும் வளியுமேயாகலின், புழையின் அளவால் பெயரிட்டது முறையே. ஆயின் அக்கால இரும்பு இன்றைய எஃகினும் வலுக்குறைந்தது. ஒட்டும் முறையும் செம்மையற்றது. ஆதலால் சுவர் தடித்திருந்தது. சிறிய புழையைச் சுற்றித் தடித்த சுவர். அத்தடிப்பால் பெருத்த வெளிக்குறுக்களவு.

குழாய்களை இணைப்பது மரை. மரை வெட்டப்படுவது குழாயின் வெளிப்புறத்தில். ஓர் ஆலையில் வெட்டிய மரை மற்றோர் ஆலையின் இணைப்பில் பொருந்தவேண்டுமாயின், வெளிக்குறுக்களவு எங்கும் ஒன்றாக இருத்தல் வேண்டும். 1841இல் சோசப்பு விட்வொர்த்து என்பார் ஆங்கிலநாட்டு மரைகளுக்கு 55 பாகைச் சாய்வு கொண்ட ஒரு பொது அமைப்பை முன்வைத்தார். பிரித்தானியக் குழாய் மரை அவ்வமைப்பின்மேல் எழுந்தது. அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் இராபர்ட்டு பிரிக்சு என்னும் பொறியாளர் 1862 அளவில் குழாய்களுக்கும் மரைகளுக்கும் அளவு வகுத்தார். அவருடைய மரைச்சாய்வு 60 பாகை. 1886இல் அமெரிக்கக் குழாய் செய்வோர் அதனையே பொதுநிலையாக ஏற்றனர்.

மரையளவு நிலைத்தபோது வெளிக்குறுக்களவும் நிலைத்துவிட்டது. பின்னர் எஃகு வந்தது, செய்முறை சீர்பட்டது, தடித்த சுவர் வேண்டாததாயிற்று. சுவரை மெலிதாக்க முனைந்தவர்கள் வெளிப்புறத்தில் கைவைக்க இயலவில்லை. கைவைத்தால் நாடெங்கும் உள்ள இணைப்புகள் பொருந்தாமற் போகும். ஆதலால் உட்புறமாகவே குறைத்தனர். புழை விரிந்தது, பெயர் மட்டும் விரியவில்லை. அரை விரலத்தை அளந்து இட்ட பெயர், அளவு போன பின்னும் ஒட்டிக்கொண்டது. பழைய ஊரின் பெயரைச் சுமந்து நிற்கும் புதிய குடியிருப்பைப் போன்றது இது.

ஒரு பெயர், மூன்று குழாய்

இந்நாட்டின் இரும்புக்குழாய்களுக்கு இந்தியத் தரநிலை 1239 அளவு வகுக்கின்றது. மரைக்குரிய தரநிலை 554. பிரித்தானியர் விட்டுச்சென்ற 55 பாகை மரையே இங்கு வழக்கு.

அத்தரநிலையில் அரை விரலக் குழாய்க்கு '15 மில்லிமீட்டர்' என்று பெயர். விரலத்தை ஒழித்து மீட்டர் முறைக்கு மாறியபோது இட்ட பெயர் இது. அரை விரலம் 12.7 ஆயிற்றே, 15 எவ்வாறு வந்தது என்று கேட்டல் இயல்பு. விடை எளிது: பழைய பெயரும் மெய்யளவன்று, புதிய பெயரும் மெய்யளவன்று. இக்குழாய் மெல்லியது, இடைநிலை, தடித்தது என மூவகைப்படும். மூன்றன் வெளிக்குறுக்களவும் ஏறத்தாழ 21.3 மில்லிமீட்டர். சுவர்த்தடிப்பு முறையே 2.0, 2.6, 3.2 மில்லிமீட்டர். வெளியளவினின்று சுவர்த்தடிப்பின் இருமடங்கைக் கழித்தால் உட்புழை கிடைக்கும். மெல்லியதன் புழை 17.3, இடைநிலையதன் புழை 16.1, தடித்ததன் புழை 14.9. இவற்றுள் 12.7 எதுவும் இல்லை. சரியாக 15 என்பதும் இல்லை.

பெயர் ஒன்றாயினும் பொருள் மூன்று என்பது இதனால் விளங்கும். மெல்லிய குழாயின் வாய்ப்பரப்பு தடித்ததன் வாய்ப்பரப்பினும் மூன்றில் ஒரு பங்கு மிகுதி. இதனைக் கேட்டு, மெல்லியதே நன்று என்று முடிவு கட்டுதல் தவறாகும். மரை வெட்டும் இடத்தை எண்ணிப்பார்த்தல் வேண்டும். இக்குழாய்க்கு ஒரு விரல நீளத்தில் 14 மரை. ஒவ்வொரு மரையின் ஆழமும் 1.16 மில்லிமீட்டர். 2.0 மில்லிமீட்டர்ச் சுவரில் அவ்வாழம் வெட்டியபின் எஞ்சுவது ஒரு மில்லிமீட்டருக்கும் குறைவு. தடித்த குழாயில் ஏறத்தாழ இரண்டு மில்லிமீட்டர் எஞ்சும். பழங்குழாய்கள் நடுவில் ஒழுகாமல் மரைவாயிலேயே முதலில் ஒழுகுவதன் கரணியம் இதுவே. வெட்டிய இடத்தில் துத்தநாகப் பூச்சும் போய்விடுகின்றது, சுவரும் பாதியாகிவிடுகின்றது, துரு அங்கே குடிபுகுகின்றது.

இம்மூவகையையும் வேறு பிரித்து அறிதற்காகக் குழாயின்மேல் நிறப்பட்டை தீட்டும் முறை உண்டு. மெல்லியதற்கு மஞ்சள், இடைநிலைக்கு நீலம், தடித்ததற்குச் சிவப்பு. கடையில் 'ஏ, பி, சி' என்று சொல்லப்படுவன இவையே. பட்டை அழிந்துபோனாலும், அழிக்கப்பட்டாலும், எடையை அழிக்க முடியாது. கணக்கிட்டுப் பார்த்தால் ஒரு மீட்டர் நீள அரை விரலக் குழாய் மெல்லியதாயின் ஏறத்தாழ 0.95 கிலோ, இடைநிலையாயின் 1.2 கிலோ, தடித்ததாயின் 1.43 கிலோ எடை காட்டும். பூச்சின் எடை சிறிது கூடலாம். 6 மீட்டர்க் குழாய் ஒன்றைத் தராசில் இட்டால் 5.7 கிலோவா, 8.6 கிலோவா என்பது ஏய்ப்புக்கு இடமின்றித் தெரிந்துவிடும். தடித்ததற்கு விலை கொடுத்து மெல்லியதை வாங்கிச் செல்பவர், 'அரை இஞ்சு' என்னும் பெயரை மட்டும் அறிந்தவரே.

அமெரிக்க முறையும் இதனை ஒத்ததே. அங்குச் சுவர்த்தடிப்பைச் 'செட்யூல்' என்னும் எண்ணாற் குறிப்பர். அரை விரலக் குழாய் செட்யூல் 40 ஆயின் சுவர் 2.77, புழை 15.8, செட்யூல் 80 ஆயின் சுவர் 3.73, புழை 13.8. இரண்டன் வெளியளவும் அதே 21.3. பெரிய குழாய்களில் இம்முறை திடுமென மாறுகின்றது. 12 விரலம்வரை பெயர் வேறு, வெளியளவு வேறு. 12 விரலக் குழாயின் வெளியளவு 12¾ விரலம். 14 விரலம் முதல் பெயரே வெளியளவு. ஒரே பட்டியலில் மேற்பாதிக்கு ஓர் இலக்கணம், கீழ்ப்பாதிக்கு வேறோர் இலக்கணம்.

குழாயும் குழலும்

ஆங்கிலர் இவ்வகையில் இருசொல் வழங்குகின்றனர். நீரும் வளியும் கொண்டுசெல்லும் இரும்புக்குழாய்க்கு ஒரு சொல். செம்பு, பித்தளை முதலியவற்றாலான மெல்லிய குழலுக்கு வேறொரு சொல். முன்னதற்குப் பெயரளவு, பின்னதற்கு மெய்யான வெளிக்குறுக்களவும் சுவர்த்தடிப்பும். தமிழில் குழாய், குழல் என்னும் இரு சொற்களும் பழமையானவை. முன்னதைக் குழாய் என்றும் பின்னதைக் குழல் என்றும் தொழிலிடத்தில் வேறுபடுத்தி ஆளலாம்.

ஆயின் இவ்வேறுபாட்டிலும் ஒரு புறனடை உண்டு. அதனை அறியாதவர் இடர்ப்படுவர். அமெரிக்க முறையில் நீருக்கான செம்புக்குழல் எப்போதும் தன் பெயரினும் அரைக்கால் விரலம் பெரிது. அரை விரலம் எனப்படுவதன் வெளியளவு ஐந்தரைக்கால், அஃதாவது எட்டில் ஐந்து விரலம், 15.9 மில்லிமீட்டர். குளிரூட்டிகளுக்கான செம்புக்குழலிலோ பெயரே வெளியளவு. அரை விரலம் என்றால் 12.7 மில்லிமீட்டரே. ஒரே செம்பு, ஒரே பெயர், ஒரே கடை. ஆயினும் ஒன்றன் இணைப்பு மற்றொன்றில் ஏறாது.

இங்கிலாந்து 1970களில் மீட்டர் முறைக்கு மாறியபோது, செம்புக்குழல்களை 15, 22, 28 மில்லிமீட்டர் என வெளியளவாலேயே பெயரிட்டது. பெயரும் பொருளும் அங்கு ஒன்றாயின. பழைய முக்கால் விரலக் குழலோடு புதிய 22ஐ இணைக்க இடையிணைப்பு வேண்டியிருந்தது. அவ்விடையூற்றைப் பொறுத்துக்கொண்டு அந்நாட்டார் செப்பம் செய்துகொண்டனர். 15 என்று பெயர் மாற்றி 21.3ஐ விற்றுக்கொண்டிருக்கும் இரும்புக்குழாய்க்கும் இதற்கும் உள்ள வேறுபாடு ஊன்றிக் காணத்தக்கது. ஒன்று பெயர்மாற்றம், மற்றொன்று சீர்திருத்தம்.

உழவனின் இழப்பு

இன்று சிற்றூர்களில் மிகுதியாக விற்பது பி.வி.சி. நெகிழிக்குழாய். அதற்கு இந்தியத் தரநிலை 4985. இதில் அளவு வெளிக்குறுக்களவே: 20, 25, 32, 40, 50, 63, 75, 90, 110 மில்லிமீட்டர். தரநிலை செம்மையாகத்தான் சொல்கின்றது. ஆயினும் கடையில் 20ஐ அரை இஞ்சு என்றும், 25ஐ முக்கால் என்றும், 32ஐ ஒன்று என்றும், 63ஐ இரண்டு என்றும், 110ஐ நான்கு என்றும் பழைய பெயரிட்டே விற்கின்றனர். செம்மையாக வந்த அளவின்மேல் செம்மையற்ற பெயரை நாமே ஒட்டிக்கொண்டோம்.

இக்குழாயின் உயிர்நிலை அதன்மேல் அச்சிட்ட அழுத்த எண்ணில் உள்ளது. ஒரு சதுரச் சென்றிமீட்டரில் எத்தனைக் கிலோ அழுத்தத்தை அது தாங்கும் என்பதை 4, 6, 10 முதலிய எண்கள் காட்டும். ஒரு கிலோ அழுத்தம் என்பது ஏறத்தாழ 10 மீட்டர் உயர நீர்நிரலின் அழுத்தம். ஆகவே 4 என்று அச்சிட்ட குழாய் 40 மீட்டர் உயர நீருக்கு உரியது. 50 மீட்டர் ஏற்றத்திற்கு அதனைப் பதித்தால் அது வெடிப்பது குழாயின் குற்றமன்று. மேலும், ஓடும் நீரைத் திடுமென அடைக்கும்போதும், மின்பொறி திடுமென நின்று நீர் பின்வாங்கும்போதும் அழுத்தம் ஒருகணம் மிகுந்து எழும்; அதற்கும் இடம்விட்டே எண்ணைத் தெரிதல் வேண்டும். "நாலு இஞ்சுக் குழாய்" என்று மட்டும் கேட்டு வாங்கும் உழவனுக்குக் கடைக்காரன் எதனைக் கொடுத்தாலும் அது நாலு இஞ்சே. வெளியளவு ஒன்றாகலின் கண்ணுக்கும் வேறுபாடு தெரியாது. விலை குறைந்தது மெலிந்தது என்பது, வரப்பினடியில் புதைத்த குழாய் வெடித்த நாளில்தான் தெரியவரும்.

சுடுநீருக்கென்று வந்துள்ள வெளிர்மஞ்சள் நிறச் சி.பி.வி.சி. குழாய் வேறொரு முறையைப் பின்பற்றுகின்றது. அது செம்புக்குழலின் அளவை மேற்கொண்டது. அதன் அரை விரலம் 15.9 மில்லிமீட்டர் வெளியளவு. அதன் சுவரை 11, 13.5 என்னும் எண்களாற் குறிப்பர். வெளியளவு சுவர்த்தடிப்பின் எத்தனை மடங்கு என்பதே அவ்வெண். எண் பெருகச் சுவர் மெலியும். இங்கும் பெயரை மட்டும் அறிந்தவர் பெரிய எண்ணைப் பெரிய வலிவென்று எண்ணி ஏமாறுவர்.

ஆகவே ஒரே கடையில் இரும்பின் அரை விரலம் 21.3, பி.வி.சி.யின் அரை விரலம் 20, சி.பி.வி.சி.யின் அரை விரலம் 15.9, குளிரூட்டிச் செம்பின் அரை விரலம் 12.7. நான்கும் அரை, நான்கும் வேறு.

புழையைப் பற்றியும் ஒரு பிழைக் கணக்கு ஊர்தோறும் உலவுகின்றது. ஒரு விரலக் குழாய்க்கு ஈடாக இரண்டு அரை விரலக் குழாய் போட்டால் போதும் என்பர். புழை இருமடங்கானால் வாய்ப்பரப்பு நான்மடங்காகும். உராய்வும் குறைவதால், அதே அழுத்தத்தில் ஓடும் நீர் ஏறத்தாழ ஆறு மடங்காகும். இரண்டு போதாது, ஆறளவு வேண்டும். சிறு குழாயில் பெருநீரைத் தள்ளும் மின்பொறி, நீரை ஏற்றுவதற்கு அன்றி உராய்வை வெல்லுவதற்கே மின்னாற்றலைச் செலவிடுகின்றது.

உரோமின் பாடம்

பெயரளவில் ஏய்ப்பு நுழைவது புதிதன்று. கி.பி. 97இல் உரோம நகரின் நீர்ப்பணிக்கு ஆணையராக அமர்ந்த பிரான்டைனசு என்பார் அந்நகரத்து நீர்வழிகளைப் பற்றி ஒரு நூல் எழுதினார். அங்கு வீடுகளுக்கு நீர் பகிர்ந்தது ஈயக்குழாய்களால். அடிப்படைக் குழாய்க்கு ஐந்து என்னும் பொருள்படக் 'குயினாரியா' என்று பெயர். எது ஐந்து என்பதில் அன்றே பூசல் இருந்தது. ஐந்து விரல் அகல ஈயத்தகட்டை வளைத்துச் செய்தமையால் வந்த பெயர் என்றனர் ஒருசாரார். விட்டம் ஐந்து கால்விரல், அஃதாவது ஒன்றேகால் விரல், ஆதலால் வந்த பெயர் என்றார் பிரான்டைனசு.

அவர் குழாய்களை ஒவ்வொன்றாக அளந்து பார்த்தார். நீர்ப்பணியாளர் சில அளவுகளில் கைவைத்திருந்தமை வெளிப்பட்டது. நீரைக் கொடுப்பதற்குப் பயன்பட்ட இருபதாம் அளவுக் குழாயைச் சிறிதாக்கியிருந்தனர். நீரைப் பெறுவதற்குப் பயன்பட்ட நூறாம் அளவையும் நூற்றிருபதாம் அளவையும் பெரிதாக்கியிருந்தனர். பெயர் பழையபடி நின்றது, பொருள் மாறிற்று, இடையில் மிஞ்சிய நீர் காசாயிற்று. இதற்கு மாற்றாகக் குழாயின் வாயில் 12 விரல் நீள வெண்கல வாய்க்குழலைப் பொருத்தி, அதன்மேல் அளவைப் பொறித்தல் வேண்டும் என்னும் முறையை அவர் வற்புறுத்தினார். ஈயம் எளிதில் வளையும், விரியும், வெண்கலம் வளையாது. அளவைப் பெயரில் விடாமல் பொருளில் பொறிப்பது என்பது அவருடைய கொள்கை. பத்தொன்பது நூற்றாண்டு கழிந்தபின்னும் அதனினும் நல்ல கொள்கை ஒன்று தோன்றவில்லை.

குழாய்ப் பணியாளரை ஆங்கிலர் 'பிளம்பர்' என்கின்றனர். ஈயத்தைக் குறிக்கும் இலத்தீன் சொல்லினின்று வந்தது அது. இன்று அவர் கையில் ஈயமே இல்லை. அச்சொல்லும் பொருள்போன பெயரே. நாமோ அதனைக் கடன்வாங்கி, ஈயமும் அறியாமல், இரும்பும் அறியாமல் சொல்லிக்கொண்டிருக்கின்றோம்.

சொல்லுக்கு முன் பொருள்

இங்குத் தமிழன்பர் ஒன்றை எண்ணிப்பார்த்தல் வேண்டும். 'இஞ்சு' என்பதை 'விரலம்' என்று மாற்றிய அளவில் கடமை முடிந்ததாகக் கொள்ளுதல், அரை விரலத்தை 15 என்று மாற்றியவர்களின் செயலோடு ஒக்கும். 'அரை விரலக் குழாய்' என்பதும், அதற்குள் அரை விரலம் எங்கே என்று தெரியாதவரை, 'அரை இஞ்சுக் குழாய்' என்பதைப்போல ஒரு குருட்டுப்பெயரே. சொல் ஆக்குதற்கு முன் பொருளை அறிதல் வேண்டும். பொருளை அறியாது ஆக்கிய சொல் அகரமுதலியில் உறங்குமேயன்றிக் கைவினைஞன் நாவில் ஏறாது.

பொருளை அறிந்து நோக்கினால், தமிழ் இவ்விடத்தில் வறுமைப்படவில்லை என்பது தெரியும். குழாயின் உள்வெளிக்குப் 'புழை' என்னும் சொல் உண்டு. யானையின் துதிக்கையைப் புழைக்கை என்றது அதன் உட்குடைவு நோக்கியே. ஏரியினின்று நீரைப் புறத்தே விடும் குழிவழிக்குத் 'தூம்பு' என்பது பெயர். 'மரை' என்னும் சொல்லைத் தொழிலாளர் இன்றும் காத்து வருகின்றனர். மரை போடுதல், மரை கழன்றது என்பன நாள்தோறும் கேட்கும் வழக்குகள். பள்ளிகளில் தேடியும் கிடைக்காத தமிழ் பட்டறையில் உயிரோடிருக்கின்றது. அதனைக் கேட்டுத் தொகுப்பது சொல்லாக்குநரின் முதற்கடமை.

ஆகவே புழையளவு, வெளியளவு, சுவர்த்தடிப்பு என்னும் மூன்று சொற்களே போதும். இவற்றுள் எவ்விரண்டைத் தெரிந்தாலும் மூன்றாவது தானே வரும். இம்மூன்றனுள்ளும் அடங்காது நிற்கும் பழம்பெயர்க்குப் 'பெயரளவு' என்னும் சொல் மிகப் பொருந்தும். 'பெயரளவுக்குத் தலைவர்' என்றால் உண்மையில் தலைவரல்லர் என்பதை எந்தத் தமிழனும் அறிவான். அதுபோலப் 'பெயரளவு அரை விரலம்' என்றவுடன், இது மெய்யளவன்று, மெய்யளவைக் கேட்டறிதல் வேண்டும் என்னும் எச்சரிக்கையும் உடன் தோன்றும். ஆங்கிலச் சொல்லைக் கேட்கும் தமிழ்ப் பணியாளனுக்கு இவ்வெச்சரிக்கை தோன்றாது. தாய்மொழிச் சொல்லில் அஃது இயல்பாகவே அமைந்து கிடக்கின்றது. தாய்மொழியில் தொழில் கற்பித்தலின் பயன் வேறு யாது?

"பணியாளர் இவற்றையெல்லாம் அறியாமலே நன்றாகத்தானே வேலை செய்கின்றனர்" என்பார் உளர். உண்மை, பழகிய வேலையை அவர்கள் நன்றாகவே செய்கின்றனர். பழகாத ஒன்று வரும்போதுதான் அறிவின்மை வெளிப்படும். அயல்நாட்டுக் கருவி ஒன்றில் அமெரிக்க மரை இருக்கும். அரை விரலத்தில் இரண்டு மரைக்கும் விரலத்திற்கு 14 என்னும் எண்ணிக்கை ஒன்றே. சாய்வு மட்டும் 60க்கு 55. கையால் திருகினால் ஏறுவதுபோல் தோன்றும்; இறுக்கினால் ஒழுகும். கரணியம் அறியாத பணியாளர் மேலும் மேலும் சணலைச் சுற்றுவார். இறுதியில் பழி அவர்மேல் விழும். கைத்திறம் உடையவனுக்குக் கரணியத்தையும் கொடுப்பது அவனுக்குச் செய்யும் அருளன்று. அவனுக்கு உரிய பங்கைக் கொடுத்தலே.

செய்யத்தக்கவை

வீட்டுக்காரரும் உழவரும் செய்யத்தக்கது எளிது. அளக்கும் கருவி இல்லையெனினும் ஒரு நூலும் அடிக்கோலும் போதும். நூலைக் குழாயின்மேல் ஒருசுற்றுச் சுற்றி, அந்நீளத்தை 3.14ஆல் வகுத்தால் வெளியளவு கிடைக்கும். இரும்புக்குழாயில் நூல் 67 மில்லிமீட்டர் காட்டினால் அரை விரலம். ஏறத்தாழ 85 காட்டினால் முக்கால். 106 காட்டினால் ஒன்று. பின்னர் அறுத்த வாயில் சுவர்த்தடிப்பைப் பார்த்தல் வேண்டும். கடையில் கேட்கும்போது பொருள் எது, வெளியளவு எது, சுவர் அல்லது அழுத்த எண் எது என்னும் மூன்றையும் சொல்லிக் கேட்டல் வேண்டும். விலைச்சீட்டிலும் அம்மூன்றையும் எழுதி வாங்குதல் வேண்டும்.

குழாய் செய்வோர் தமிழ்நாட்டில் விற்கும் குழாயின்மேல் புழை, வெளியளவு, தடிப்பு, அழுத்தம் ஆகியவற்றைத் தமிழிலும் அச்சிடுதல் வேண்டும். அச்சுப்பொறிக்கு மொழி ஒரு தடையன்று. தொழிற்பயிற்சி நிலையங்களில் இப்பகுதியைக் கரணியத்தோடு தமிழில் கற்பித்தல் வேண்டும். அளவுப் பட்டியலை உருப்போடச் செய்வது கல்வியாகாது. பள்ளிக் கணக்காசிரியர் வட்டத்தின் விட்டத்தையும் பரப்பையும் சொல்லும்போது, கரும்பலகை வட்டத்தோடு நில்லாமல் ஒரு குழாய்த்துண்டையும் மாணவர் கையில் கொடுத்தல் வேண்டும்.

அளவு மக்களுக்கு உரியது. அதனை அறியாத பெயருக்குள் பூட்டிவைத்தால், திறவுகோல் வைத்திருப்பவன் வாழ்வான், மற்றவன் இழப்பான். உரோமின் நீர்ப்பணியாளர் வாழ்ந்தது அவ்வாறே. பிரான்டைனசு செய்ததெல்லாம் ஒரு கோலை எடுத்துக்கொண்டு குழாயின் வாயருகே சென்று அளந்து பார்த்ததுதான். தமிழன் கையிலும் கோல் உண்டு. நாவிலும் சொல் உண்டு. அளந்து பார்க்கட்டும், அளந்ததைத் தன் சொல்லால் சொல்லட்டும்.